கலரிஸ்ட் ஆகணும், எங்கே தொடங்கலாம்? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சாலிகிராமத்தில் ஒரு மாடி அறையில் உட்கார்ந்து கலர் பார்ப்பது என் பிழைப்பு. குறும்படம், ஆல்பம் பாட்டு, விளம்பரம், கல்யாண வீடியோ, எப்போதாவது ஒரு சின்னப் படம். போனில் கேட்கிற தம்பி தங்கைகளின் சந்தேகங்கள் திரும்பத் திரும்ப ஒன்றேதான். ஆளுக்கொரு வாய்ஸ் நோட் அனுப்பித் தொண்டை வறண்டுவிட்டதால் இங்கே எழுதி வைக்கிறேன். கேள்விகளை அவர்கள் கேட்ட பேச்சிலேயே விட்டிருக்கிறேன்.

"அண்ணா, கலர் கரெக்‌ஷன், கிரேடிங், டிஐ… மூணும் ஒண்ணுதானே?"

பேச்சில் ஒன்றுதான், வேலையில் வேறு. ஒரே காட்சியில் ஒரு ஷாட் மஞ்சளாகவும் அடுத்தது நீலமாகவும் இன்னொன்று இருட்டாகவும் வந்திருக்கும். மூன்றும் ஒரே இடத்தில், ஒரே நேரத்தில் நடப்பதுபோலத் தெரியவைப்பது கரெக்‌ஷன். அதற்கு மேல் கதைக்கேற்ற ஒரு தோற்றத்தை, அதாவது லுக்கை, கொடுப்பது கிரேடிங்.

டிஐ என்பது பிலிம் காலத்துப் பெயர். நெகட்டிவை ஸ்கேன் செய்து, கணினியில் கலர் பார்த்து, மறுபடி பிலிமில் பதிவார்கள். அந்த நடுக்கட்டம்தான் டிஜிட்டல் இன்டர்மீடியட். 2000-இல் வந்த 'ஓ பிரதர், வேர் ஆர்ட் தௌ?' என்ற ஹாலிவுட் படம் முழுப் படத்தையும் அப்படிச் செய்த முன்னோடி. அதற்கு முன்பு லேபில் சிவப்பு, பச்சை, நீல விளக்குகளை 1 முதல் 50 வரை எண் வைத்துக் கூட்டிக் குறைப்பதோடு சரி. இன்று ஸ்கேனும் இல்லை, பிலிமும் இல்லை, பெயர் மட்டும் நின்றுவிட்டது. கோடம்பாக்கத்தில் "படம் டிஐ-ல இருக்கு" என்றால் கலர் வேலை நடக்கிறது என்று அர்த்தம்.

ஒன்றை இப்போதே சொல்லிவிடுகிறேன். இந்தத் தொழிலுக்கு வருகிறவர்கள் முக்கால்வாசிப் பேர் லுக் கனவோடு வருகிறார்கள். காசு வருவது ஷாட்டுக்கு ஷாட் மேட்ச் செய்வதற்குத்தான். கீழே பல பதில்கள் இங்கேதான் வந்து நிற்கும்.

"எடிட்டிங் தெரியாது. நேரா கலருக்கு வந்துடலாமா?"

வரலாம். எடிட்டராக வேண்டியதில்லை, ஆனால் டைம்லைன், ஃப்ரேம் ரேட், கோடெக் என்றால் என்னவென்று தெரியாமல் ஒரு நாள்கூட ஓட்ட முடியாது. அதைவிட முக்கியம் வெளிச்சம். ஒயிட் பேலன்ஸ், எக்ஸ்போஷர், சாவி விளக்கு (காட்சியின் பிரதான விளக்கு) எந்தப் பக்கம் இருந்தது என்பதைப் படத்தைப் பார்த்தே சொல்லத் தெரிய வேண்டும். நாலு ஷூட்டில் ஒளிப்பதிவு உதவியாளரோடு விளக்கு தூக்கினால் ஒரு வருடப் படிப்பு மிச்சம்.

"எனக்குச் சில கலர் குழம்புதோன்னு சந்தேகம். கலர் பிளைண்ட் இருந்தா இந்தப் பக்கமே வரக்கூடாதா?"

முதலில் கண் டாக்டரிடம் போய் இஷிஹாரா சோதனை செய்துகொள்ளுங்கள், புள்ளிகளுக்கு நடுவே எண் தெரிகிறதா என்று பார்ப்பார்கள், ஐந்து நிமிட வேலை. சிவப்பு-பச்சைக் குறைபாடு எக்ஸ் குரோமோசோம் வழியாக வருவதால் ஆண்களுக்கே அதிகம். பலருக்குத் தமக்கு இருப்பதே தெரியாது.

இருந்தால்? ஸ்கோப் (படத்தின் நிறத்தையும் வெளிச்சத்தையும் வரைபடமாகக் காட்டுவது) பார்த்துச் சமாளிக்கலாம் என்று ஆறுதல் சொல்வார்கள். நான் சொல்லமாட்டேன். முகத்தில் பச்சை ஏறியிருக்கிறதா, மெஜந்தா ஏறியிருக்கிறதா என்பதுதான் நாள் முழுக்க நாம் எடுக்கும் முடிவு. அது தெரியாமல் இதைத் தொழிலாக வைத்துக்கொள்வது கஷ்டம். எடிட்டிங், கன்ஃபார்ம் (முடிந்த எடிட்டை ஒரிஜினல் கேமரா ஃபைல்களோடு இணைப்பது), டேட்டா பக்கம் போங்கள். முதலீடு செய்வதற்கு முன் தெரிந்துகொள்வது நல்லதல்லவா?

"கோர்ஸ் சேரணுமா, யூடியூபே போதுமா?"

பிளஸ் டூ முடித்துவிட்டு யோசிக்கிறவர் என்றால், தரமணியில் இருக்கும் அரசு எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் டிஜிட்டல் இன்டர்மீடியட்டுக்கென்றே பட்டப்படிப்பு இருக்கிறது. ஒளிப்பதிவு, எடிட்டிங், டைரக்‌ஷன் படிக்கிறவர்கள் அதே வளாகத்தில் இருப்பார்கள். நாளைக்கு உங்களுக்கு வேலை தரப்போவது அவர்கள்தான். பாடத்தைவிட எனக்கு அதுதான் பெரிதாகத் தெரிகிறது.

மற்றவர்களுக்கு, டாவின்சி ரிசால்வ் என்ற கலர் மென்பொருளைத் தயாரிக்கும் பிளாக்மேஜிக் நிறுவனமே பயிற்சிப் புத்தகத்தையும் பாடத்துக்கான ஃபுட்டேஜையும் இலவசமாகத் தருகிறது. அதைப் பக்கம் பக்கமாகச் செய்து முடித்தவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை. எல்லோரும் "ஐந்து நிமிடத்தில் சினிமாட்டிக் லுக்" பார்க்கப் போய்விடுகிறார்கள். அந்த வீடியோக்களில் வருவது ஒற்றை ஷாட், அதுவும் ஏற்கெனவே அழகாக விளக்கு வைத்து எடுத்தது. உங்களிடம் வரப்போவது முந்நூறு ஷாட், அதில் பாதி மேகம் மறைத்தபோது எடுத்தது.

காசு கட்டித் தனியார் வகுப்பில் சேர்வதானால் இரண்டு கேள்வி கேளுங்கள். கன்ஃபார்ம் சொல்லித் தருவீர்களா? காலிப்ரேட் செய்த (நிறம் சரியாகத் தெரியும்படி அளந்து சரிசெய்த) மானிட்டரில் என்னைத் தனியாக எத்தனை மணி நேரம் உட்கார விடுவீர்கள்? பதிலில் இழுவை இருந்தால் வந்துவிடுங்கள்.

"டாவின்சி ஃப்ரீ வெர்ஷன் போதுமா? ஸ்டுடியோ வாங்கணுமா?"

கற்றுக்கொள்ளவும் முதல் சில வேலைகளுக்கும் இலவசப் பதிப்பே போதும். அதில் 3840-க்கு 2160 அளவு வரைதான் வெளியே எடுக்கலாம், வினாடிக்கு 60 ஃப்ரேம் வரை. நாய்ஸ் (இருட்டில் எடுத்த படத்தில் மொய்க்கும் புள்ளிகள்) குறைக்கும் கருவி வேலை செய்யாது, சில எஃபெக்டுகள் போட்டால் படத்தின் மேல் முத்திரை விழும். விண்டோஸில் சில கேமராக்களின் 10-பிட் எச்.265 ஃபைல் திறக்காமல் சத்தம் மட்டும் கேட்கும். பயந்துபோய் கேமராமேனைத் திட்டாதீர்கள். ஷட்டர் என்கோடர் என்ற இலவச மென்பொருளில் புரோரெஸ் அல்லது டிஎன்எக்ஸ்எச்ஆர் என்ற ஃபைல் வடிவத்துக்கு மாற்றிக்கொண்டு வந்தால் திறக்கும்.

ஸ்டுடியோ பதிப்பு 295 டாலர், ஒரே தடவைதான், இரண்டு கணினியில் போடலாம். முதல் நல்ல வேலையின் காசில் வாங்கிவிடுங்கள். இரவில் எடுத்த கல்யாண ஃபுட்டேஜுக்கு நாய்ஸ் ரிடக்‌ஷன் இல்லாமல் முடியாது. பெரிய ஸ்டுடியோக்கள் சிலவற்றில் பேஸ்லைட் என்ற வேறொரு கலர் மென்பொருள் இருக்கும். அதைப் பார்த்து மிரள வேண்டாம், பட்டன் இருக்கும் இடம்தான் வேறு.

"என்ன சிஸ்டம் வாங்கட்டும்? லேப்டாப்ல ஆகுமா?"

எல்லோரும் கிராபிக்ஸ் கார்டில் காசைக் கொட்டிவிட்டு மானிட்டருக்கு மிச்சத்தைத் தருகிறார்கள். தலைகீழாகச் செய்யுங்கள். மெதுவான கணினியில் வேலை தாமதமாகும், அவ்வளவுதான். தப்பான மானிட்டரில் வேலையே தப்பாகும். 8 ஜிபி நினைவகம் உள்ள கிராபிக்ஸ் கார்டு, 32 ஜிபி ராம், வேகமான எஸ்எஸ்டி இருந்தால் 4கே வேலை ஓடும். லேப்டாப்பிலும் ஆகும், அதன் திரையை மட்டும் நம்பாதீர்கள்.

மானிட்டர், எச்டி வீடியோவுக்கான தரமான ரெக் 709-இன் வண்ண எல்லையை முழுதாகக் காட்ட வேண்டும். வெண்மை 6500 கெல்வின், அதாவது டி65. காமா (இருட்டிலிருந்து வெளிச்சம் எப்படி ஏறுகிறது என்ற வளைவு) 2.4, வெளிச்சம் 100 நிட். இந்த நாலையும் பெட்டியில் போட்டிருப்பதை வைத்து நம்பாமல், கலர் அளக்கும் கருவி வாங்கி அல்லது ஒரு நாள் வாடகைக்கு எடுத்து காலிப்ரேட் செய்யுங்கள். நைட் லைட், ட்ரூ டோன் எல்லாவற்றையும் அணைத்துவிடுங்கள். பிறகு அல்ட்ராஸ்டுடியோ, டெக்லிங்க் மாதிரி ஒரு அவுட்புட் பெட்டி வாங்கினால் விண்டோஸோ மேக்கோ நடுவில் கைவைக்காத சுத்தமான சிக்னல் கிடைக்கும்.

அறையை யாரும் கேட்பதில்லை, நானே சொல்கிறேன். நான் முதலில் பிடித்த வாடகை அறையின் சுவர் இளம்பச்சை. முதல் மூன்று வேலையிலும் முகமெல்லாம் லேசாகப் பச்சை அடித்தது. மானிட்டரை மாற்றிப் பார்த்தேன், கேபிளை மாற்றிப் பார்த்தேன். கடைசியில் புரிந்தது: பச்சைச் சுவரில் பழகிய கண்ணுக்குச் சரியான வெள்ளையும் மெஜந்தாவாகத் தெரிந்திருக்கிறது, நான் பாட்டுக்குப் பச்சையை ஏற்றிக்கொண்டிருந்திருக்கிறேன். பெயின்ட் அடிக்க வீட்டு ஓனர் சம்மதிக்கவில்லை. சாம்பல் நிறத் துணி வாங்கி மானிட்டருக்குப் பின்னால் சுவர் முழுக்கத் தொங்கவிட்டேன், அதன் பின்னே 6500 கெல்வின் எல்இடி ஒன்று. ஜன்னலுக்குக் கனமான திரை போடுங்கள். மதியம் மூன்று மணி வெயிலும் ஆறு மணி வெயிலும் உங்கள் முடிவை மாற்றும்.

"பேனல் வாங்கினாத்தான் கிளையன்ட் மதிப்பாங்களாமே?"

மதிப்பார்கள், உண்மைதான். ஆனால் அந்த மரியாதை முதல் பத்து நிமிடத்துக்குத்தான். பேனல் என்பது கலரைத் திருப்ப உருளைகளும் பட்டன்களும் வைத்த மேசைப் பலகை. இரண்டு கையாலும் இரண்டு உருளையை ஒரே நேரத்தில் திருப்பலாம் என்பதால் வேகம் கூடும். மாதம் பத்து நாளுக்கு மேல் வேலை வர ஆரம்பித்ததும் யோசியுங்கள். அதுவரை மவுஸும் ஷார்ட்கட்டும் போதும்.

"பிராக்டீஸ் பண்ண நல்ல ஃபுட்டேஜ் எங்க கிடைக்கும்?"

ஆரி, ரெட், பிளாக்மேஜிக் நிறுவனங்கள் தங்கள் கேமரா மாதிரி ஃபைல்களை இணையதளத்தில் வைத்திருக்கின்றன. பிளெண்டர் அமைப்பு 2012-இல் வெளியிட்ட 'டியர்ஸ் ஆஃப் ஸ்டீல்' குறும்படத்தின் மூல ஃப்ரேம்களும் பொதுவில் கிடைக்கின்றன. நெட்ஃபிளிக்ஸும் சில படங்களின் மாஸ்டர் ஃபைல்களைத் திறந்த உரிமத்தில் தந்திருக்கிறது.

ஆனால் நான் எல்லோருக்கும் கொடுக்கும் வீட்டுப்பாடம் வேறு. மொட்டை மாடியில் ஒருவரை நிறுத்துங்கள். மாலை நாலு மணி முதல் ஆறு வரை பத்து நிமிடத்துக்கு ஒரு ஷாட், கோணத்தை மாற்றி மாற்றி. கேமராவை ஆட்டோ ஒயிட் பேலன்ஸில் விட்டுவிடுங்கள், கெட்டுப்போய் வரட்டும். அப்புறம் எல்லா ஷாட்டும் ஐந்து மணிக்கு எடுத்ததுபோல் ஆக்குங்கள். லட் (நிறத்தை மொத்தமாக மாற்றும் ரெடிமேட் ஃபைல்) கூடாது, குவாலிஃபையர் (ஒரு நிறத்தை மட்டும் பிரிப்பது) கூடாது, விண்டோ (ஒரு பகுதியை மட்டும் வட்டம் போட்டுப் பிரிப்பது) கூடாது. நிழல், நடு வெளிச்சம், பளிச் பகுதி, மொத்தப் படம் என்று முறையே திருப்பும் லிஃப்ட், காமா, கெயின், ஆஃப்செட் மட்டும். இரண்டு மாதம் இதை விடாமல் செய்தவருக்கு நான் தைரியமாக வேலை பிரித்துக் கொடுப்பேன்.

"ஸ்கோப் எல்லாம் எதுக்குண்ணா, கண்ணால பாத்தா தெரியாதா?"

தெரியும், முதல் ஐந்து நிமிடம். அதற்குப் பிறகு கண் பழகிவிடும். மேலே சொன்ன பச்சைச் சுவர் கதை அதுதான், அன்றைக்கு நான் ஸ்கோப்பைத் திறந்து வைத்திருந்தால் ஒரே நாளில் மாட்டியிருக்கும்.

ஒரு கல்யாணக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். மாப்பிள்ளையின் வெள்ளை வேட்டியை மட்டும் பெரிதாக்கி பரேடை (மூன்று நிறத்தையும் தனித்தனியாகக் காட்டும் ஸ்கோப்) பாருங்கள். சிவப்பு, பச்சை, நீலம் மூன்றும் ஏறக்குறைய ஒரே உயரத்தில் நின்றால் வெள்ளை வெள்ளையாக இருக்கிறது. நீலம் தாழ்ந்திருந்தால் மண்டபத்து மஞ்சள் விளக்கு இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. கீழ்ப்பகுதிக்குத் தலைமுடியைப் பாருங்கள், கருப்பிலும் மூன்றும் சேர வேண்டும். வேட்டியை அப்படியே சுத்த வெள்ளை ஆக்கிவிடுவதும் தப்பு, கொஞ்சம் மஞ்சள் இருந்தால்தான் மண்டபம் மண்டபமாக இருக்கும். எவ்வளவு விடுவது என்பதைக் கண் சொல்லும், எங்கே நிற்கிறோம் என்பதை ஸ்கோப் சொல்லும்.

"கோடாக் 2383 லட் போட்டா படம் கருகிப் போகுது. லட் கெட்டுப்போச்சா?"

லட் நன்றாகத்தான் இருக்கிறது, போட்ட இடம்தான் தப்பு. 2383 என்பது தியேட்டர் பிரிண்ட் எடுக்கும் பிலிம். ரிசால்வோடு வரும் அந்த லட், உள்ளே வரும் படம் சினியான் லாக் (கான்ட்ராஸ்ட் குறைந்து வெளுத்துத் தெரியும் பதிவு முறை) வடிவத்தில் இருக்கும் என்று எதிர்பார்க்கிறது. நீங்கள் ஏற்கெனவே ரெக் 709 ஆன படத்தின் மேல் போட்டால் கான்ட்ராஸ்டுக்கு மேல் கான்ட்ராஸ்ட் ஏறிக் கருகும்.

சோனியில் எஸ்-லாக் 3-ல் எடுத்தது என்றால், முதலில் கலர் ஸ்பேஸ் டிரான்ஸ்ஃபார்ம் (ஒரு வண்ண வடிவத்தை இன்னொன்றாக மாற்றும் கருவி) நோடு, அதாவது ரிசால்வில் ஒரு திருத்தத்தை வைக்கும் பெட்டி, போட்டு எஸ்-காமட் 3 சினி, எஸ்-லாக் 3 இரண்டையும் உள்ளீடாகக் கொடுங்கள். வெளியீடு ரெக் 709 காமட் (வண்ண எல்லை), சினியான் ஃபிலிம் லாக் காமா. அதற்கு அடுத்த நோடில் லட். உங்கள் திருத்தங்கள் எல்லாம் இதற்கு முன்னால். எந்த லட் வாங்கினாலும் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: உள்ளே என்ன வர வேண்டும், வெளியே என்ன போகிறது? பதில் எழுதாமல் விற்கும் லட்டுக்குக் காசு கொடுக்காதீர்கள்.

"ஹீரோயினை வெள்ளையா காட்டச் சொல்றாங்க. என்ன பண்றது?"

வாரத்துக்கு ஒரு தடவையாவது வரும். கல்யாண வேலையில் பெண்ணின் அம்மாவே சொல்வார். முதலில் ஒரு தொழில்நுட்ப விஷயம். வெக்டர்ஸ்கோப்பில் (நிறங்களை வட்டத்தில் காட்டும் ஸ்கோப்) தோல் நிறத்துக்கென்று ஒரு கோடு இருக்கிறது. கருப்போ சிவப்போ மாநிறமோ, ஒழுங்கான வெளிச்சத்தில் எல்லோருடைய தோலும் அந்தக் கோட்டை ஒட்டியே விழும். ஆளுக்கு ஆள் மாறுவது வெளிச்ச அளவும் அடர்த்தியும். முகத்தை வேவ்ஃபார்மில் (வெளிச்ச அளவைக் காட்டும் ஸ்கோப்) 70-ல் வை என்று வெளிநாட்டு வீடியோவில் சொல்வது வெள்ளைக்காரர் தோலுக்கு. நம் முகத்தை அங்கே தூக்கினால் சாம்பல் பூசியதுபோல் ஆகிவிடும், மூக்குத்தியும் மூக்கும் ஒன்றாகிவிடும்.

"வெள்ளையா வேணும்" என்று அவர்கள் சொல்வதற்குப் பெரும்பாலும் "முகம் டல்லா இருக்கு" என்றுதான் அர்த்தம். முகத்தில் ஒட்டியிருக்கும் பச்சையை எடுங்கள், கன்னத்தில் விளக்கு பட்ட இடத்தைக் கொஞ்சம் தூக்குங்கள், பின்னணியைக் கொஞ்சம் இறக்குங்கள். நிறம் மாறாமலே முகம் பளிச்சென்று வரும், "ஆங், இப்ப சரி" என்பார்கள். அதற்கும் மேலே கேட்டால் அப்பா அம்மா நிற்கும் குரூப் ஷாட்டைப் பக்கத்தில் வைத்துக் காட்டுவேன். ஒரே குடும்பத்தில் ஒருவர் மட்டும் வேறு ஊர்க்காரர்போல் தெரிவதைப் பார்த்ததும் பேச்சு நின்றுவிடும். அரக்கு நிறக் கூறைப் புடவை விஷயத்திலும் இதே கவனம் வேண்டும். முகத்துக்காக மொத்தப் படத்தையும் திருப்பினால் அரக்கு மெரூனாகிவிடும், முகத்தை மறந்தாலும் புடவையை மறக்கமாட்டார்கள்.

"ஒரு படத்தோட ஸ்டில் அனுப்பி அதே மாதிரி கேக்குறாங்க. எப்படி கொண்டு வர்றது?"

அந்த ஸ்டில்லில் பாதி கலர் ஆர்ட் டைரக்டருடையது. சுவர் நீலம், சட்டை காவி, விளக்கு ஒரு பக்கம். உங்களிடம் வந்திருப்பது மஞ்சள் சுவர், மஞ்சள் சட்டை, டியூப்லைட். எந்த நோடாலும் அந்த இடைவெளியை முழுதாக மூட முடியாது.

ஸ்டில்லை கேலரியில் இறக்கி ஷாட்டின் பக்கத்தில் வைத்துக் கருப்பு எவ்வளவு ஆழம், நிழலில் என்ன நிறம், எந்த நிறம் அடக்கி வைக்கப்பட்டிருக்கிறது என்று மட்டும் பாருங்கள். அந்த மூன்றைக் கொண்டுவந்தால் வாடை வந்துவிடும். படப்பிடிப்புக்கு முன்பே உங்களைக் கூப்பிட்டால் உடை, சுவர் பற்றி வாய் திறந்து பேசுங்கள். அதற்குக் காசு தரமாட்டார்கள், பரவாயில்லை.

"எடிட்டர் கிட்ட இருந்து என்னென்ன வாங்கணும்?"

முடிந்த எடிட்டின் எக்ஸ்எம்எல் (எந்த ஷாட் எங்கே வருகிறது என்ற பட்டியல் ஃபைல்), டைம்கோடு எண்கள் படத்தின் மேலேயே தெரியும் ரெஃபரன்ஸ் வீடியோ, ஒரிஜினல் கேமரா ஃபைல் எல்லாம். பிராக்ஸி (எடிட்டுக்காகச் சின்னதாக்கிய நகல்) கூடாது. எடிட் பூட்டிய பிறகுதான் அனுப்ப வேண்டும் என்று எழுத்தில் வாங்குங்கள். நெஸ்ட் போட்ட (ஒன்றுக்குள் ஒன்றாக வைத்த) சீக்வென்ஸைப் பிரித்துத் தரச் சொல்லுங்கள், வேகம் மாற்றிய ஷாட்டுகளைக் குறித்துத் தரச் சொல்லுங்கள், அவைதான் முதலில் இடம் மாறும்.

சோனி கேமராக்காரர்களிடம் இன்னொரு எச்சரிக்கை. கார்டை ஃபார்மேட் செய்ததும் பல கேமராக்களில் ஃபைல் பெயர் மறுபடி சி0001 என்றே தொடங்கும். ஒரு கல்யாண வேலையில் நாலு கார்டு, நாலிலும் சி0001 இருந்தது. ரிசால்வ் ஏதோ ஒன்றை எடுத்து வைத்துக்கொண்டது, தாலி கட்டும் இடத்தில் பந்தி பரிமாறல் வந்தது. ரெஃபரன்ஸ் வீடியோவை மேலே வைத்து ஒவ்வொரு வெட்டாக ஒப்பிட்டதால் பிழைத்தேன், ஒரு இரவு முழுக்கப் போனது. இப்போதெல்லாம் கார்டுக்கொரு ஃபோல்டர் இல்லாத ஹார்ட் டிஸ்க்கைத் தொடுவதில்லை.

"என் சிஸ்டத்துல ஒரு கலர், போன்ல ஒரு கலர், மேக்ல வெளுத்துப் போச்சு. எது சரி?"

மானிட்டர் பற்றிய பதிலில் சொன்னபடி காலிப்ரேட் செய்திருந்தால் உங்களுடையது சரி. போன்கள் தங்கள் விருப்பத்துக்கு வண்ணத்தை ஏற்றிக் காட்டும், அதைத் துரத்தாதீர்கள்.

மேக் விஷயம் தனி. நாம் 2.4 காமாவில் பார்த்து முடித்ததை, குயிக்டைம் பிளேயர் ரெக் 709 முத்திரையைப் பார்த்ததும் ஏறக்குறைய 1.96 காமாவாக எடுத்துக்கொண்டு காட்டும். நிழல் தூக்கி வெளுத்துத் தெரியும். ஃபைல் கெடவில்லை. இதைச் சமாளிக்க ரிசால்வில் ரெக் 709-ஏ என்ற தேர்வு இருக்கிறது, ஆனால் அதில் எடுத்தது மற்ற இடங்களில் வேறு மாதிரி தெரியலாம். நான் செய்வது: இணையத்துக்கான வேலை என்றால் யூடியூபில் அன்லிஸ்டட் ஆக ஏற்றி டிவியிலும் இரண்டு போனிலும் பார்ப்பேன். வாடிக்கையாளரிடமும் அந்த லிங்க்கையே கொடுப்பேன், வாட்ஸப்பில் அனுப்பமாட்டேன். வாட்ஸப் அமுக்கிய ஃபைலைப் பார்த்துவிட்டு "கலர் புள்ளி புள்ளியா இருக்கு" என்று வந்த போன்கள் ஏராளம்.

"முதல் வேலை எப்படி புடிக்கிறது? ஷோரீல்ல என்ன வைக்கலாம்?"

ஷோரீல், அதாவது உங்கள் வேலையின் மாதிரித் தொகுப்பு, ஒரு நிமிடத்துக்கு மேல் வேண்டாம். கலருக்கு முன்னும் பின்னும் எப்படி என்று கோடு நகர்த்திக் காட்டும் ஜாலம் ஒன்றிரண்டு போதும். ஒரு முழுக் காட்சியை, பத்துப் பன்னிரண்டு ஷாட்டை, வெட்டாமல் வையுங்கள். ஒளிப்பதிவாளர் பார்க்கும்போது ஷாட் மாறும் இடத்தில்தான் அவர் கண் நிற்கும். மொட்டை மாடிப் பாடம் இங்கே காசாகும். கையெழுத்துப் போட்ட ஒப்பந்தம் இருந்தால் படம் வெளிவரும் முன் ரீலில் போடாதீர்கள்.

வேலை தருகிறவர் பெரும்பாலும் டைரக்டர் அல்ல, ஒளிப்பதிவாளர். அவர்களில் உங்கள் வயதுக்காரர்கள், உதவி ஒளிப்பதிவாளர்கள், குறும்படம் எடுக்கிறவர்களைப் பிடியுங்கள். ஒன்றிரண்டு வேலை இலவசமாகச் செய்யலாம், மூன்றாவதிலிருந்து சின்னத் தொகையாவது வாங்குங்கள். கல்யாண ஃபிலிம் செய்கிறவர்களைக் கேவலமாக நினைக்காதீர்கள். சீசனில் என் வாடகையைக் கட்டுவது அவர்கள்தான்.

"நிமிஷத்துக்கு எவ்வளவு ரேட் சொல்லட்டும்?"

நிமிடக் கணக்கு ஏமாற்றும். மூன்று நிமிடப் பாட்டில் இருநூறு ஷாட் இருக்கும், மூன்று நிமிட உரையாடலில் முப்பது இருக்கும். நாள் கணக்குப் போடுங்கள். இருபது நிமிடக் குறும்படத்துக்கு கன்ஃபார்ம் அரை நாள், மேட்ச் செய்ய ஒரு நாள், லுக்கும் முக வேலையும் ஒரு நாள், டைரக்டரோடு உட்கார அரை நாள், திருத்தமும் அவுட்புட்டும் அரை நாள். மூன்றரை நாள். உங்களுக்கு மாதம் 48,000 ரூபாய் தேவை, மாதத்தில் 12 நாள்தான் காசு வரும் வேலை என்றால் நாளுக்கு 4,000. அந்தக் குறும்படம் 14,000. எண்கள் உதாரணத்துக்குத்தான், உங்கள் வாடகையையும் இஎம்ஐயையும் வைத்துப் போட்டுக்கொள்ளுங்கள். மாதம் முப்பது நாளும் வேலை இருக்கும் என்று மட்டும் போடாதீர்கள்.

பாதி அட்வான்ஸ், மீதி வந்த பிறகு முத்திரை இல்லாத ஃபைல். "அடுத்த படத்துல பாத்துக்கலாம் தம்பி" என்ற வாக்கியத்தை நம்பி நான் செய்த வேலைகளுக்கு அந்த அடுத்த படம் இன்னும் தொடங்கவில்லை.

"கரெக்‌ஷன் முடியவே மாட்டேங்குது. டைரக்டர் ஒண்ணு சொல்றார், கேமராமேன் ஒண்ணு சொல்றார்."

இரண்டு சுற்றுத் திருத்தம், அதற்கு மேல் நாள் கணக்கு என்று அட்வான்ஸ் வாங்கும்போதே சொல்லிவிடுங்கள். திருத்தங்களை டைம்கோடு போட்டு ஒரே பட்டியலாக அனுப்பச் சொல்லுங்கள். ராத்திரி பதினொரு மணிக்கு ஒவ்வொன்றாக வரும் மெசேஜுக்குப் பதில் போட்டால் பழகிவிடும்.

இருவரும் முரண்பட்டால் நடுவில் புகுந்து தீர்ப்புச் சொல்லாதீர்கள். வேலை தொடங்கும் முன்பே ஐந்தாறு முக்கிய ஷாட்டுக்கு மட்டும் லுக் வைத்து இருவரையும் ஒரே நாளில், ஒரே அறையில், உங்கள் மானிட்டரில் பார்க்க வையுங்கள். ஒத்துக்கொண்ட ஸ்டில்லைச் சேமித்து இருவருக்கும் அனுப்பிவிடுங்கள். பின்னால் சண்டை வந்தால் பேசுவது அந்த ஸ்டில்.

"தியேட்டருக்கு டிசிபி கேக்குறாங்க, ஓடிடி-க்கு எச்டிஆர் கேக்குறாங்க. வீட்டு ரூம்லயே பண்ணலாமா?"

டிசிபி (தியேட்டர் புரொஜெக்டருக்குக் கொடுக்கும் ஃபைல் தொகுப்பு) உருவாக்க டிசிபி-ஓ-மேடிக் என்ற இலவச மென்பொருளே போதும். 2கே ஸ்கோப் (இங்கே அகலத் திரை வடிவம்) என்றால் 2048-க்கு 858, ஃபிளாட் (அகலம் குறைந்த வடிவம்) என்றால் 1998-க்கு 1080, வினாடிக்கு 24 ஃப்ரேம். 25-ல் எடுத்திருந்தால் ஒலிப்பதிவாளரிடம் முன்பே பேசுங்கள். சிக்கல் ஃபைலில் இல்லை, திரையில். தியேட்டர் திரையின் வெளிச்சம் 48 நிட்தான், நீங்கள் பார்த்த 100 நிட்டில் பாதிக்கும் குறைவு, காமாவும் 2.6. அறையில் அழகாக இருந்த இரவுக் காட்சி அங்கே இருளில் முழுகும். காலைக் காட்சிக்கு முன் ஒரு தியேட்டரை அரை மணி நேரம் கேட்டு ஓட்டிப் பார்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

எச்டிஆர் (வழக்கத்தைவிட அதிக வெளிச்ச வீச்சுள்ள படம்) வேறு கதை. 1000 நிட் எட்டும் மாஸ்டரிங் மானிட்டர் வேண்டும், அது வாடகை வீட்டுக்காரர் வாங்கும் பொருள் அல்ல. ஒத்துக்கொள்வதற்கு முன் அந்த நிறுவனத்தின் டெலிவரித் தாளைக் கேட்டு வாங்கிப் படியுங்கள். வேலையை உங்கள் அறையில் முடித்து, கடைசி நாட்களுக்கு ஒரு டிஐ சூட்டை (கலர் வேலைக்கென்றே அமைத்த அறை) வாடகைக்கு எடுங்கள். அந்த வாடகையை உங்கள் ரேட்டுக்குள் விழுங்காமல் தனி வரியாக எழுதுங்கள்.

"ஜிஎஸ்டி எடுக்கணுமா? டிடிஎஸ்னு புடிச்சிட்டாங்களே?"

சேவைத் தொழிலில் ஆண்டு வரவு 20 லட்சத்தைத் தாண்டினால்தான் ஜிஎஸ்டி பதிவு கட்டாயம். டிடிஎஸ் (சம்பளம் தருகிறவர் முன்பே பிடித்துக் கட்டும் வரி) தொலைந்த காசு அல்ல, உங்கள் பான் எண்ணில் கட்டப்பட்டிருக்கும், வருமான வரி தாக்கல் செய்யும்போது கணக்கில் வரும். பிடித்தவர் உண்மையில் கட்டினாரா என்று வருமான வரித் தளத்தில் பார்த்துக்கொள்ளுங்கள். மீதியை ஆடிட்டரிடம் கேளுங்கள், நான் கலர் பார்க்கிறவன்.

"ஏஐ வந்துடுச்சே, இன்னும் இந்த வேலை இருக்குமா?"

ஆட்டோ ஷாட் மேட்ச் பட்டன் ரிசால்வில் பல வருடமாக இருக்கிறது. முகத்தைத் தானாகப் பிரித்தெடுக்கும் மேஜிக் மாஸ்க்கை நான் தினமும் உபயோகிக்கிறேன், ஒரு மணி நேர வேலையைப் பத்து நிமிடமாக்குகிறது. லட் விற்று மட்டும் பிழைத்தவர்களுக்கு அடி விழும் என்று நினைக்கிறேன். புடவை அரக்கா மெரூனா என்று அம்மாவிடம் போனில் கேட்டுத் தெரிந்துகொண்டு திருப்பும் வேலை இன்னும் என்னிடம்தான் வருகிறது.

"வேலை முடிஞ்ச ஃபுட்டேஜை எத்தனை நாள் வச்சிருக்கணும்?"

ஒப்பந்தத்தில் ஒரு கெடு எழுதுங்கள். நான் மூன்று மாதம் என்று எழுதுகிறேன், முடியும்போது ஒரு மெசேஜ் போட்டுவிட்டு அழிக்கிறேன். புராஜெக்ட் ஃபைலும் ஸ்டில்களும் சில எம்பிதான், அவற்றை அழிப்பதே இல்லை. போன மாதம் இரண்டு வருடத்துக்கு முந்தைய குறும்படத்துக்கு விழா நுழைவு கிடைத்து, டைரக்டர் ஹார்ட் டிஸ்க்கைத் தூக்கிக்கொண்டு வந்தார். பழைய புராஜெக்டைத் திறந்து ஃபைலை இணைத்ததும் எல்லா நோடும் வைத்த இடத்தில் இருந்தது. அவர் டீ குடித்து முடிப்பதற்குள் அவுட்புட் ஓடத் தொடங்கிவிட்டது. அரை நாள் காசு வாங்கிக்கொண்டேன்.